ஏலச்சீட்டும் அரசியலமைப்பும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் ஊர் நூலகத்தில் ஞாயிற்றுக்கிழமை காலையில் பத்துப் பதினைந்து பேர் கூடி இந்திய அரசியலமைப்பைக் கொஞ்சம் கொஞ்சமாக வாசிக்கிறோம். போட்டித் தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகள், ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர், சாலை விரிவாக்கத்தில் நிலம் போய்விடுமோ என்ற கவலையோடு வரும் இரண்டு விவசாயிகள், மகளிர் குழுவைச் சேர்ந்த சில பெண்கள். நான் வழக்கறிஞர் இல்லை. ஆனால் இந்தப் புத்தகம் நம் பணத்தையும் வாக்கையும் எப்படிப் பிடித்து வைத்திருக்கிறது என்பதைப் பல வருடமாகக் கவனித்து வருகிறேன். வகுப்பில் திரும்பத் திரும்ப எழும் கேள்விகளும் நான் சொல்லும் பதில்களும் இவை.

கேள்வி: அரசியலமைப்பு வக்கீல்கள் படிக்கிற புத்தகம். என் வீட்டு வரவு செலவுக்கும் அதற்கும் என்ன சம்பந்தம்?

ஒரு ஏலச்சீட்டை எடுத்துக்கொள்வோம். 20 பேர், மாதம் 5,000 ரூபாய், 20 மாதம். சீட்டு தொடங்குவதற்கு முன் எல்லோரும் உட்கார்ந்து சில விஷயங்களைப் பேசி முடிக்கிறார்கள். ஏலம் எந்தத் தேதியில், நடத்துபவருக்குக் கமிஷன் எவ்வளவு, தள்ளு (ஏலத்தில் எடுப்பவர் விட்டுக்கொடுக்கும் தொகை) எதுவரை போகலாம், முதலில் எடுப்பவர் யாரை ஜாமீன் காட்ட வேண்டும். இதில் அதிகம் சண்டை வராது. காரணம், அந்த நேரத்தில் யாருக்கு எப்போது பணம் தேவைப்படும் என்று யாருக்குமே தெரியாது. மூன்றாம் மாதமே என் வீட்டில் ஆஸ்பத்திரிச் செலவு வரலாம். கடைசி மாதம்வரை நான் காத்திருக்கவும் நேரலாம். அதனால் எல்லோருக்கும் பொதுவாக நியாயமாகத் தோன்றும் விதியையே நானும் ஒப்புக்கொள்வேன்.

இப்போது எட்டாம் மாதத்தில் விதியை மாற்றலாம் என்று ஒருவர் சொன்னால் என்ன ஆகும்? சீட்டு எடுத்துவிட்டவர்கள் ஒரு பக்கம், எடுக்காதவர்கள் மறு பக்கம் என்று கூட்டமே இரண்டாகப் பிளந்துவிடும். அரசியலமைப்பு என்பது சீட்டு தொடங்குவதற்கு முன் பேசி முடித்த பேச்சு. தேர்தலும் பட்ஜெட்டும் மாதாமாதம் நடக்கும் ஏலம். ஜேம்ஸ் புக்கனன் என்ற அமெரிக்கப் பொருளியலாளர் இந்த வேறுபாட்டைத்தான் வாழ்நாள் முழுக்க ஆராய்ந்தார். விதிகளைத் தேர்ந்தெடுப்பது ஒரு வேலை, விதிகளுக்குள் நின்று முடிவெடுப்பது இன்னொரு வேலை என்றார். 1986இல் அவருக்குப் பொருளாதார நோபல் பரிசு கிடைத்தது.

நாம் பெரும்பாலும் ஏலத்தைப் பற்றித்தான் பேசுகிறோம். எந்தக் கட்சி வந்தது, பட்ஜெட்டில் என்ன அறிவித்தார்கள் என்று. எதை யார் தீர்மானிக்கலாம் என்ற விதி அதைவிட நீண்ட காலம் நம்மை ஆள்கிறது. கீழே வரும் எல்லாப் பதில்களிலும் நான் சுற்றிச் சுற்றி வருவது இந்த இடத்துக்குத்தான்.

கேள்வி: ‘சமூக ஒப்பந்தம்’ என்கிறார்கள். அதில் யார், எப்போது கையெழுத்துப் போட்டார்கள்?

ஹாப்ஸ், லாக், ரூசோ என்று 17, 18ஆம் நூற்றாண்டு ஐரோப்பியர்கள் வளர்த்தெடுத்த கருத்து இது. மக்கள் தங்களுக்குள் ஓர் உடன்பாட்டுக்கு வந்துதான் அரசுக்கு அதிகாரம் கொடுக்கிறார்கள், ஆகவே அரசு அவர்களுக்குக் கடமைப்பட்டது என்பது சாரம். அப்படி ஒரு நாள், ஓர் இடத்தில் எல்லோரும் கூடிக் கையெழுத்துப் போட்டதாக அவர்களும் சொல்லவில்லை.

இந்தியாவில் கிட்டத்தட்ட அப்படி ஒரு நாள் உண்டு. 1946 டிசம்பர் 9 அன்று கூடத் தொடங்கிய அரசியல் நிர்ணய சபை 1949 நவம்பர் 26 அன்று அரசியலமைப்பை ஏற்றது. ஆனால் அந்தச் சபைக்கு ஆள் அனுப்பியவர்கள் யார் என்று பார்க்க வேண்டும். பெரும்பாலும் மாகாண சட்டமன்ற உறுப்பினர்கள். அவர்களைத் தேர்ந்தெடுத்தவர்கள் 1935ஆம் ஆண்டுச் சட்டப்படி சொத்தோ வரியோ படிப்போ இருந்தவர்கள். நிலமில்லாத கூலிக்காரருக்கு அதில் பெரும்பாலும் வாக்கு கிடையாது. ஆக, ஒப்பந்தத்தை எழுத அனுப்பியதில் பெரும்பான்மை மக்களுக்குப் பங்கில்லை. இந்தக் குறையை மறைக்கக் கூடாது.

அதே சபைதான் ஒரே வீச்சில் வயது வந்த எல்லோருக்கும் வாக்கு என்று எழுதியது. 1951 அக்டோபரில் தொடங்கி 1952 பிப்ரவரி வரை நடந்த முதல் பொதுத்தேர்தலில் 17 கோடிக்கும் மேற்பட்டவர்கள் வாக்காளர்கள். என்னைப் பொறுத்தவரை கையெழுத்து அங்கேதான் விழுந்தது. அதிலும் ஒரு வலி உண்டு. வடமாநிலங்களில் பல பெண்கள் தங்கள் பெயரைச் சொல்லாமல் இன்னாரின் மனைவி, இன்னாரின் மகள் என்றே பதிந்தார்கள். பெயர் இல்லாமல் பதிவு கிடையாது என்று தேர்தல் ஆணையர் சுகுமார் சென் உறுதியாக நின்றதால் ஏறத்தாழ 28 லட்சம் பெண்கள் பட்டியலிலிருந்து விடுபட்டார்கள். அடுத்த தேர்தல்களில் பெயரோடு வந்தார்கள்.

அம்பேத்கர் 1949 நவம்பர் 25 அன்று பேசியதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அரசியலில் ஒருவருக்கு ஒரு வாக்கு, ஒரே மதிப்பு என்ற சமத்துவம் வரப்போகிறது, சமூகத்திலும் பொருளாதாரத்திலும் சமத்துவமின்மை அப்படியே இருக்கப்போகிறது, இந்த முரண்பாட்டை சீக்கிரம் தீர்க்காவிட்டால் அது ஜனநாயகத்தையே தகர்த்துவிடும் என்று எச்சரித்தார். ஒப்பந்தத்தை எழுதிய குழுவின் தலைவரே அது பாதி வேலைதான் என்று சபையில் சொன்னார்.

கேள்வி: நமக்குத்தான் உத்திரமேரூரிலேயே குடவோலை இருந்ததே?

இருந்தது. முதலாம் பராந்தகச் சோழன் காலத்து, 10ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்துக் கல்வெட்டுகள் அவை. வாரிய உறுப்பினரை எப்படித் தேர்ந்தெடுப்பது, யார் தகுதியற்றவர் என்று விதிகள் கல்லிலேயே இருக்கின்றன. முன்பு பொறுப்பில் இருந்து கணக்குக் காட்டாதவர் நிற்க முடியாது, அவருடைய உறவினரும் நிற்க முடியாது. இன்றைக்கும் அந்த விதியைப் படித்தால் எனக்கு மெய்சிலிர்க்கும்.

ஆனால் அது பிராமணர்களின் சபை. கால்வேலி நிலமும் சொந்த மனையில் வீடும் வேத அறிவும் கேட்டது. வயது 35க்கு மேல், 70க்குள். அந்த ஊரில் உழுதவருக்கும் பெண்களுக்கும் அந்தக் குடத்தில் ஓலை கிடையாது. விதியை எழுதி எல்லோரும் பார்க்க வைக்கும் பழக்கத்துக்காக அதைக் கொண்டாடுவோம். மக்களாட்சி என்று பெயர் வைக்க எனக்கு மனம் வரவில்லை.

கேள்வி: சொத்துரிமை முன்பு அடிப்படை உரிமையாக இருந்ததாமே? ஏன் எடுத்தார்கள்?

இருந்தது, 19(1)(எஃப்), 31 ஆகிய பிரிவுகளில். 1950இல் அரசியலமைப்பு நடைமுறைக்கு வந்த உடனே மோதல் தொடங்கிவிட்டது. ஒரு பக்கம் ஜமீன்தாரி ஒழிப்பு, காங்கிரஸ் விவசாயிகளுக்குக் கொடுத்திருந்த வாக்குறுதி. மறு பக்கம் சொத்துரிமை, அதே காங்கிரஸார் நிறைந்த சபை எழுதிய உறுதி. பீகாரின் நிலச் சீர்திருத்தச் சட்டத்தை பாட்னா உயர்நீதிமன்றம் 1951இல் செல்லாது என்றது. சில மாதங்களிலேயே முதல் திருத்தம் வந்தது. 31ஏ, 31பி என்ற பிரிவுகளும் ஒன்பதாவது அட்டவணையும் அதில்தான் பிறந்தன. அந்த அட்டவணையில் வைக்கப்படும் சட்டத்தை அடிப்படை உரிமையைக் காட்டி அடிக்க முடியாது என்பது ஏற்பாடு. முதலில் 13 சட்டங்கள். பிறகு பெருகி 284 ஆயின.

நம் தமிழ்நாடும் இந்தக் கதையில் இருக்கிறது. 30 தர ஏக்கருக்கு (நிலத்தின் தரத்தை வைத்துக் கணக்கிடும் ஏக்கர்) மேல் ஒரு குடும்பம் வைத்திருக்கக் கூடாது என்ற 1961ஆம் ஆண்டு நில உச்சவரம்புச் சட்டத்தை உச்ச நீதிமன்றம் 1964இல் தள்ளியது. 17ஆம் திருத்தம் அதைக் காப்பாற்றி ஒன்பதாவது அட்டவணையில் உட்கார வைத்தது. பின்னர் உச்சவரம்பு 15 தர ஏக்கராகக் குறைந்தது.

1969 ஜூலையில் 14 வங்கிகள் நாட்டுடைமை, அடுத்த ஆண்டே உச்ச நீதிமன்றத்தில் தோல்வி. முன்னாள் சமஸ்தான மன்னர்களுக்கு அரசு தந்துவந்த மானியத்தின் ஒழிப்பும் 1970இல் நீதிமன்றத்தில் விழுந்து, 1971இல் திருத்தத்தின் வழியாக நிறைவேறியது. இந்த இழுபறி 1973 ஏப்ரல் 24 அன்று கேசவானந்த பாரதி வழக்கில் உச்சிக்குப் போனது. கேரள நிலச் சீர்திருத்தத்தை எதிர்த்து வந்த ஒரு மடாதிபதியின் வழக்கு. 13 நீதிபதிகளில் 7 பேர் சொன்னது இதுதான்: நாடாளுமன்றம் எந்தப் பிரிவையும் திருத்தலாம், ஆனால் அரசியலமைப்பின் அடிப்படைக் கட்டமைப்பை உடைக்க முடியாது. கடைசியில் 1978இல் 44ஆம் திருத்தம் சொத்தை அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்து எடுத்து, சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் யாருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது என்ற 300ஏ பிரிவாக வைத்தது.

எடுத்தது சரியா? குத்தகை விவசாயிக்கு நிலம் போய்ச்சேர வேண்டும் என்றால் ஜமீன்தாரின் உரிமை வளைந்துதான் ஆக வேண்டும். அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் பெரிய சொத்துக்காரரை நோக்கி எழுதிய ஏற்பாடு, காலப்போக்கில் இரண்டு ஏக்கர் வைத்திருப்பவரின் மேல் அதிகமாக விழுந்தது. பெரியவருக்கு வழக்கு நடத்தப் பணம் இருக்கிறது. ஹிமாச்சலப் பிரதேசத்தில் படிப்பறிவில்லாத ஒரு விதவையின் நிலத்தை 1967-68இல் சாலைக்கு எடுத்தார்கள், இழப்பீடே தரவில்லை. உச்ச நீதிமன்றம் தரச் சொன்னது 2020இல். அப்போது அவருக்கு 80 வயது. 300ஏ அவரைக் காப்பாற்றியது உண்மை, அரை நூற்றாண்டு கழித்து.

கேள்வி: சாலைக்கு என் நிலத்தை எடுக்கிறார்கள். எனக்கு என்ன பாதுகாப்பு?

எந்தச் சட்டத்தின் கீழ் எடுக்கிறார்கள் என்பதை முதலில் கேளுங்கள். அறிவிக்கையில் அது இருக்கும். 1894ஆம் ஆண்டு ஆங்கிலேயர் சட்டத்துக்குப் பதிலாக 2014 ஜனவரி 1 முதல் 2013ஆம் ஆண்டுச் சட்டம் நடைமுறையில் இருக்கிறது. கிராமப்புறத்தில் சந்தை மதிப்பைப்போல் நான்கு மடங்கு வரை, நகர்ப்புறத்தில் இரண்டு மடங்கு இழப்பீடு. தனியார் திட்டத்துக்கு 80 விழுக்காடு நில உரிமையாளர்களின் ஒப்புதல் தேவை, அரசும் தனியாரும் சேர்ந்த திட்டத்துக்கு 70. ஆனால் தமிழ்நாட்டில் மாநில நெடுஞ்சாலைக்கும் தொழிற்பேட்டைக்கும் தனித்தனி மாநிலச் சட்டங்கள் உண்டு. அவற்றில் இழப்பீட்டுக் கணக்கு 2013ஆம் ஆண்டுச் சட்டப்படி வரும், சமூகத் தாக்க மதிப்பீடும் ஒப்புதலும் வராது. 2021இல் உச்ச நீதிமன்றம் இந்த ஏற்பாட்டை ஏற்றுக்கொண்டது.

சட்டம் எதுவானாலும் 300ஏ பிரிவுக்குள் ஏழு படிகள் அடங்கியிருப்பதாக 2024இல் உச்ச நீதிமன்றம் எடுத்துச் சொன்னது. முன்னறிவிப்பு தர வேண்டும், உங்கள் ஆட்சேபத்தைக் கேட்க வேண்டும், காரணத்தோடு முடிவு சொல்ல வேண்டும், பொதுநோக்கம் இருக்க வேண்டும், நியாயமான இழப்பீடு தர வேண்டும், காலதாமதம் இல்லாமல் நடத்த வேண்டும், முறையாக முடித்து வைக்க வேண்டும். ஆட்சேபத்தை எழுத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கான ஒப்புகையை வாங்கி வையுங்கள். வாயால் சொன்னது கோப்பில் ஏறாது.

கேள்வி: இடஒதுக்கீட்டுக்காகத்தான் முதல் திருத்தம் என்று படித்தோம். நீங்கள் நிலம் என்கிறீர்கள்?

இரண்டும்தான், கூடவே பேச்சுரிமை மீதான கட்டுப்பாடுகளும். சென்னை மாகாணத்தில் வகுப்புவாரி அரசாணை நடைமுறையில் இருந்தது. கல்லூரிச் சேர்க்கையில் 14 இடங்கள் என்றால் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணருக்கு 2, ஆதிதிராவிடருக்கு 2, கிறித்தவருக்கு 1, முஸ்லிமுக்கு 1. செண்பகம் துரைராஜன் வழக்கில் 1951 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. சென்னை மாகாணத்தில் பெரியார் தலைமையில் கிளர்ச்சி எழுந்தது. ஜூனிலேயே 15(4) பிரிவு சேர்ந்தது. கல்வியில் பிற்படுத்தப்பட்டோருக்குச் சிறப்பு ஏற்பாடு செய்ய இடம் பிறந்தது. அப்போது முதல் பொதுத்தேர்தல்கூட நடந்திருக்கவில்லை. ஒரு மாகாணத்தின் சமூக உடன்பாடு, நாட்டின் ஒப்பந்தத்தையே பதினேழாவது மாதத்தில் திருத்த வைத்தது.

தமிழ்நாட்டின் 69 விழுக்காட்டு இடஒதுக்கீடும் இதே தடத்தில்தான் போகிறது. 1994இல் 76ஆம் திருத்தம் நம் சட்டத்தை ஒன்பதாவது அட்டவணையில் வைத்தது. ஆனால் 1973 ஏப்ரல் 24க்குப் பிறகு அந்த அட்டவணைக்குள் போன எந்தச் சட்டத்தையும் அடிப்படைக் கட்டமைப்பு என்ற உரைகல்லில் தேய்த்துப் பார்க்கலாம் என்று 2007இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அந்த வழக்கே நீலகிரியின் கூடலூர் ஜென்ம நிலங்களில் (பரம்பரை உடைமை நிலங்களில்) தொடங்கியதுதான்.

கேள்வி: நான் கட்டும் வரி எங்கே போகிறது? யார் பங்கு போடுகிறார்கள்?

சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் வரி கிடையாது என்கிறது 265ஆம் பிரிவு. அதுவரை எளிது. பங்கு போடும் இடத்தில்தான் விதி கனக்கிறது.

ஐந்தாண்டுக்கு ஒருமுறை 280ஆம் பிரிவின்படி நிதி ஆணையம் அமைகிறது. ஒன்றிய அரசு திரட்டும் வரியில் மாநிலங்களுக்கு மொத்தமாக எவ்வளவு, அதில் ஒவ்வொரு மாநிலத்துக்கும் எவ்வளவு என்று அது சொல்லும். 15ஆவது ஆணையம் மொத்தமாக 41 விழுக்காடு என்றது. அந்த 41ஐ 100 என்று வைத்துக்கொண்டால் அதில் தமிழ்நாட்டின் பங்கு 4.079 ஆக இருந்தது. 13ஆவது ஆணையத்தில் அது 4.969. 2011 கணக்கெடுப்பின்படி நாட்டின் மக்களில் ஏறத்தாழ 6 விழுக்காடு பேர் நாம். 15ஆவது ஆணையத்தின் பங்கீட்டில் 45 விழுக்காட்டு எடை, ஒரு மாநிலத்தின் தனிநபர் வருமானம் மேல்வரிசையில் உள்ள ஒரு மாநிலத்திலிருந்து எவ்வளவு தள்ளி இருக்கிறது என்பதற்கு இருந்தது. வருமானம் கூடிய மாநிலத்துக்குப் பங்கு குறையும்.

இங்கே என் கருத்தைச் சொல்லிவிடுகிறேன். வகுப்பில் இதற்காக என்னோடு சண்டை போடுபவர்கள் உண்டு. பீகாரில் பிறந்த குழந்தைக்கும் பள்ளிக்கூடம் வேண்டும், அதற்கு நம் வரி போவதில் அநியாயம் இல்லை. ஒரே நாடாக இருப்பதன் விலை அது. எனக்குக் கோபம் வருவது வேறு இடத்தில். செஸ், சர்சார்ஜ் என்று வரிக்கு மேல் கூடுதலாக வசூலிக்கும் தொகை இந்தப் பங்கீட்டுக்குள் வராது. 270, 271 பிரிவுகளின்படி அது முழுக்க ஒன்றிய அரசுக்கே. ஆகவே வரியாகக் கூட்டாமல் செஸ்ஸாகக் கூட்டினால் 41 என்ற எண்ணைத் தொடாமலே மாநிலத்தின் பங்கு சுருங்கும். சீட்டு நடத்துபவர் கமிஷனைக் கூட்டவில்லை, ஆனால் மாதப்பணத்தில் ஒரு பகுதியை வேறு பெயர் சொல்லித் தனியாக எடுத்து வைக்கிறார் என்றால் சும்மா இருப்போமா?

ஜிஎஸ்டி 2017 ஜூலை 1 அன்று வந்தது. அதற்கு 101ஆம் திருத்தம் தேவைப்பட்டது. ஜிஎஸ்டி பற்றி முடிவெடுக்கும் மன்றத்தில் ஒன்றிய அரசுக்கு மூன்றில் ஒரு பங்கு எடை, எல்லா மாநிலங்களுக்கும் சேர்த்து மூன்றில் இரண்டு. முடிவுக்கு நான்கில் மூன்று பங்கு வேண்டும். கணக்குப் போட்டுப் பாருங்கள். எல்லா மாநிலங்களும் ஒன்றாக நின்றாலும் 66.7தான், 75ஐ எட்டாது. ஒன்றிய அரசு தனியாகவே எதையும் தடுக்கலாம். அது எதையாவது நிறைவேற்ற நினைத்தால் மொத்தமுள்ள 31 மாநில, ஒன்றியப் பிரதேச வாக்குகளில் 20 சேர்ந்தால் போதும். தமிழ்நாட்டுக்கும் சிக்கிமுக்கும் ஒரே எடை. நடைமுறையில் மன்றம் பெரும்பாலும் வாக்கெடுப்பு இல்லாமல் பேசியே முடிவெடுக்கிறது. ஆனால் பேச்சு எப்படி முடியும் என்பதை மேசைக்கு அடியில் இருக்கும் இந்த எடைதான் நிர்ணயிக்கிறது. மன்றத்தின் பரிந்துரை மாநிலங்களையோ நாடாளுமன்றத்தையோ கட்டாயப்படுத்தாது என்று 2022இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதன் பலன் இன்னும் முழுதாக வெளிப்படவில்லை.

கேள்வி: அப்புறம் பெட்ரோலும் மதுவும் ஏன் ஜிஎஸ்டியில் இல்லை?

மதுவை அரசியலமைப்பே வெளியே வைத்துவிட்டது. பெட்ரோல், டீசல் அப்படி இல்லை. எந்தத் தேதியிலிருந்து என்று மன்றம் பரிந்துரைத்தால் உள்ளே வரும். மாநிலங்களின் கையில் சொந்தமாக விகிதம் வைக்க மிச்சமிருக்கும் பெரிய வருமானங்களில் இவை முக்கியமானவை. அதனால் யாரும் அவசரப்படவில்லை.

கேள்வி: மாநில அரசு கடன் வாங்க ஏன் டெல்லியைக் கேட்க வேண்டும்?

ஒன்றிய அரசுக்கு ஒரு மாநிலத்தின் கடன் பாக்கி இருக்கும்வரை, புதிதாக வாங்க ஒப்புதல் தேவை என்கிறது 293ஆம் பிரிவு. எல்லா மாநிலத்துக்கும் பாக்கி இருக்கிறது, எனவே எல்லோரும் கேட்கிறார்கள். கேரளம் இதை எதிர்த்து 2023இல் உச்ச நீதிமன்றம் போனது. 2024இல் அது அரசியல் சாசன அமர்வுக்கு அனுப்பப்பட்டது.

கேள்வி: நாடாளுமன்றத் தொகுதி எண்ணிக்கை எப்படிப் பொருளாதார விஷயம் ஆகும்?

ஒப்பந்தத்தில் யாருடைய குரலுக்கு எவ்வளவு கனம் என்பதுதான் மற்ற எல்லாப் பங்கீட்டுக்கும் வேர். 1962 தேர்தலில் நமக்கு 41 இடங்கள். 1967இல் 39 ஆயின. மற்ற மாநிலங்களின் மக்கள்தொகை நம்மைவிட வேகமாக ஏறியது காரணம். குடும்பக் கட்டுப்பாட்டில் வெற்றி பெற்ற மாநிலம் இடங்களை இழப்பது நியாயமில்லை என்பதால் 1976இல் 42ஆம் திருத்தம் மாநிலங்களுக்கான இடங்களை 1971 கணக்கோடு நிறுத்தியது. 84ஆம் திருத்தம் அதை 2026க்குப் பிந்தைய முதல் கணக்கெடுப்பு வரை நீட்டியது.

எதிர்த்தரப்பின் வாதத்தையும் மதித்துக் கேட்க வேண்டும். ஒருவருக்கு ஒரு வாக்கு என்றால், பீகாரில் ஒரு எம்.பி. நம் எம்.பி.யைவிட ஏன் அதிகம் பேருக்குப் பதில் சொல்ல வேண்டும்? இரண்டுமே நியாயம்தான். எட்டாம் மாதத்தில் விதியைத் திறக்கும் சங்கடம் இதுதான். யாருக்கு லாபம், யாருக்கு நட்டம் என்று எல்லோருக்கும் முன்கூட்டியே தெரிகிறது.

கேள்வி: அரசியலமைப்பை மாற்றுவது அவ்வளவு கடினமா?

பிரிவைப் பொறுத்தது. பெரும்பாலானவற்றுக்கு ஒவ்வொரு அவையிலும் மொத்த உறுப்பினரில் பாதிக்கு மேல், வந்து வாக்களிப்பவரில் மூன்றில் இரண்டு பங்கு வேண்டும். கூட்டாட்சி சம்பந்தப்பட்டவற்றுக்கு மாநிலங்களில் பாதியின் ஒப்புதலும் வேண்டும். ஆனால் ஒரு மாநிலத்தைப் பிரிக்கவோ பெயர் மாற்றவோ சாதாரணச் சட்டம் போதும். மதராஸ் மாநிலம் 1969 ஜனவரி 14 அன்று தமிழ்நாடு ஆனது அப்படித்தான். ஆந்திர சட்டமன்றம் மசோதாவை நிராகரித்த பிறகும் 2014இல் தெலங்கானா பிறந்ததும் அப்படித்தான்.

கேள்வி: பஞ்சாயத்து ராஜ் வந்து முப்பது வருடம் ஆகிவிட்டது. எங்கள் ஊராட்சியில் ஒன்றும் மாறவில்லையே?

இந்தக் கேள்விக்குத்தான் நான் அதிக நேரம் எடுத்துக்கொள்வேன்.

73ஆம் திருத்தம் 1993 ஏப்ரல் 24 அன்று நடைமுறைக்கு வந்தது. அதை ஆங்கில மூலத்தோடு வைத்துப் படித்தால் இரண்டு வகையான வாக்கியங்கள் தெரியும். சில வாக்கியங்கள் ‘வேண்டும்’ என்று முடிகின்றன, சில ‘லாம்’ என்று முடிகின்றன. ஐந்தாண்டு முடிவதற்குள் தேர்தல் நடத்த வேண்டும். பெண்களுக்குக் குறைந்தது மூன்றில் ஒரு பங்கு ஒதுக்க வேண்டும். மாநிலத் தேர்தல் ஆணையம், மாநில நிதி ஆணையம் அமைக்க வேண்டும். ஆனால் பதினோராவது அட்டவணையின் 29 பொருள்களில் ஊராட்சிகளுக்கு அதிகாரம் கொடுக்கும் இடத்தில், மாநில சட்டமன்றம் ‘வழங்கலாம்’.

அந்த ஒரு விகுதி என்ன செய்தது என்று பாருங்கள். ‘வேண்டும்’ என்றிருந்த இடத்தில் லட்சக்கணக்கான பெண்கள் பதவிக்கு வந்தார்கள். தமிழ்நாடு 2016இல் பெண்கள் ஒதுக்கீட்டை 50 விழுக்காடாகவே ஆக்கியது. ‘லாம்’ என்றிருந்த இடத்தில் வந்தவர்களின் கையில் அதிகாரம் வரவில்லை. பள்ளி, சுகாதாரம், நீர்ப்பாசனம் எல்லாம் துறைகளிடமே இருக்கின்றன. மக்கள் தேர்ந்தெடுத்த ஊராட்சித் தலைவரை நீக்கும் அதிகாரம் நம் 1994ஆம் ஆண்டுச் சட்டத்தின் 205ஆம் பிரிவின்படி மாவட்ட ஆட்சியரிடம் இருக்கிறது. முதலமைச்சரை ஓர் அதிகாரி நீக்கலாம் என்று விதி இருந்தால் நாம் பொறுப்போமா?

‘வேண்டும்’ என்பதும் தானாக நடப்பதில்லை. 1996, 2001, 2006, 2011 என்று ஒழுங்காகத் தேர்தல் நடந்தது. 2016 அக்டோபரில் நடக்க வேண்டியதை உயர்நீதிமன்றம் அறிவிக்கைக் குறைகளால் ரத்து செய்தது. பிறகு ஊரகத் தேர்தல் 27 மாவட்டங்களில் 2019 டிசம்பரில், மீதி ஒன்பதில் 2021 அக்டோபரில். சென்னை உள்ளிட்ட நகரங்களுக்கு 2022 பிப்ரவரியில். நடுவில் தனி அலுவலர் ஆட்சி. தேர்ந்தெடுத்த அமைப்பு இல்லாததால் ஒன்றிய நிதி ஆணைய மானியமும் நின்றது. தெருவிளக்கும் குடிநீர்க் குழாயும் நின்ற காரணம் அதுதான் என்று ஊரில் பலருக்குத் தெரியாது. 2019இல் தேர்தல் நடந்த மாவட்டங்களில் 2025 ஜனவரியில் பதவிக்காலம் முடிந்தபோது மறுபடியும் தனி அலுவலர்கள் வந்தார்கள். எந்தக் கட்சி ஆண்டாலும் இதில் பெரிதாக எதுவும் மாறவில்லை, கவனித்தீர்களா? மாநில சுயாட்சி பேசும் நாம், டெல்லியிடம் கேட்பதை ஊராட்சிக்குக் கொடுக்க மறுக்கிறோம். இது என்னை உறுத்துகிறது.

கேள்வி: நல்ல விதியை எழுதிவிட்டால் போதாதா?

போதாது என்பதற்கு இரண்டு சான்றுகள் சொல்கிறேன். இரண்டும் நமக்கு அருகில் நடந்தவை.

மதுரை மாவட்டத்துப் பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம். 1996இல் இந்த ஊராட்சிகளின் தலைவர் பதவி பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கப்பட்டது. ஆதிக்கச் சாதியினர் தங்களுக்குள் ஓர் உடன்பாடு செய்துகொண்டார்கள். யாரும் மனுப் போடக் கூடாது, போட்டு ஜெயித்தாலும் உடனே ராஜினாமா செய்ய வேண்டும். பத்து வருடம் அந்த உடன்பாடுதான் ஆண்டது, அரசியலமைப்பு வெளியே நின்றது. 2006இல்தான் முறையான தேர்தல் நடந்தது. மேலவளவில் அதே ஒதுக்கீட்டில் தலைவரான முருகேசனை 1997 ஜூனில் வெட்டிக் கொன்றார்கள். அவரோடு இருந்தவர்களையும். சமூக ஒப்பந்தம் என்று அழகாகப் பேசும்போது, ஊருக்குள் ஏற்கெனவே எழுதாத ஒப்பந்தம் ஒன்று இருக்கிறது என்பதையும், அதில் சிலரிடம் சம்மதம் கேட்கப்படவே இல்லை என்பதையும் மறக்கக் கூடாது.

இரண்டாவது இலங்கை. விடுதலையின்போது அங்கே நடைமுறையில் இருந்த சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவு, ஓர் இனத்துக்கோ மதத்துக்கோ பாகுபாடான சட்டத்தை நாடாளுமன்றம் இயற்றக் கூடாது என்று தெளிவாகவே சொன்னது. 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் இனத்தின் பெயரையே சொல்லவில்லை. தந்தை வழிப் பிறப்புச் சான்றுகளைக் கேட்டது, அவ்வளவுதான். தேயிலைத் தோட்டங்களில் உழைத்த மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலோர் நாடற்றவர் ஆனார்கள், தொடர்ந்து வாக்கும் போனது. அன்று இலங்கைக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் 1953இல் அதைச் செல்லும் என்றது. 1972இல் புதிய அரசியலமைப்பு வந்தபோது 29ஆம் பிரிவே காணாமல் போனது. பாதுகாப்பு விதி இருந்தது. யார் குடிமகன் என்ற கதவில் வைத்தே மக்களை வெளியே நிறுத்திவிட்டார்கள்.

கேள்வி: சரி, நான் தனி ஆளாக என்ன செய்ய முடியும்?

கிராம சபை வருடத்தில் ஆறு நாள்: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. போங்கள். போகும்போது எழுதிக் கொண்டு போங்கள். எங்கள் பக்கத்து ஊராட்சி ஒன்றில் வரவு செலவைக் கேட்டபோது அடுத்த முறை காட்டுகிறோம் என்று இரண்டு தடவை சொன்னார்கள். மூன்றாவது தடவை எங்கள் வகுப்புப் பெண்கள் ஐந்து பேர், கேட்ட கேள்வியைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதும்வரை எழுந்திருக்கவில்லை. எழுதினார்கள். கணக்கும் வந்தது.

அது நடக்காவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005. பத்து ரூபாய்க்கு நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டிப் பொதுத் தகவல் அலுவலருக்கு மனு. 30 நாளில் பதில் வர வேண்டும். கேள்வியைக் குறுக்கிக் கேளுங்கள்: எந்த நிதியாண்டு, எந்தத் திட்டம், எந்தப் பணி, எவ்வளவு தொகை, யாருக்கு எந்தத் தேதியில் கொடுக்கப்பட்டது, அளவுப் புத்தகத்தின் (செய்த வேலையின் அளவைப் பதியும் புத்தகம்) நகல். ஏன் செய்யவில்லை என்று கேட்டால் அது தகவல் இல்லை என்று திருப்பிவிடுவார்கள். பதில் வராவிட்டால் அதே அலுவலகத்தின் மேல்முறையீட்டு அலுவலருக்கு 30 நாளுக்குள் எழுதுங்கள், அதற்குக் கட்டணம் இல்லை. மனுவின் நகலையும் தபால் ரசீதையும் ஒரே உறையில் போட்டு, மேலே தேதியை எழுதி வையுங்கள்.